நேரம் ஒரே சீராக ஓடாத மாகாணம் – கதைக்காகக் கேட்கிறேன், எங்கே இடிக்கிறது?

கிணற்றடி:

ஒரு நீள்கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். நெடும்பொழில் என்று ஒரு கற்பனை மாகாணம். மலைமேல் உச்சிமேடு, அங்கிருந்து பஸ்ஸில் நாற்பது கிலோமீட்டர் இறங்கினால் பள்ளத்தாக்கில் ஆழ்குடி. உச்சிமேட்டில் நேரம் நமக்கு ஓடுவதுபோலவே ஓடுகிறது. ஆழ்குடியில் பாதி வேகம்தான். அங்கே ஒருவர் ஒரு மணி நேரம் திண்ணையில் சாய்ந்துவிட்டு எழுந்தால் மேலே இரண்டு மணி நேரம் போயிருக்கும். நடுவில் உள்ள கிராமங்களில் இரண்டுக்கும் இடைப்பட்ட வேகம், அதுவும் நிலையாக இருக்காது, மழைக்காலத்தில் இன்னும் மந்தமாகிவிடும். காரணம் எதையும் கதையில் சொல்லப்போவதில்லை.

அண்ணன் ஆழ்குடியில் பெண் எடுத்து அங்கேயே தங்கிவிடுகிறான். தம்பி உச்சிமேட்டில். இருபது வருடம் கழித்துப் பார்த்தால் தம்பிக்கு நரை, கண்ணாடி, முட்டிவலி. அண்ணன் இன்னும் கறுத்த மீசையோடு நிற்கிறான். அப்பா செத்துப்போகிறார். மூத்தவன்தான் கொள்ளி வைக்க வேண்டும் என்றால் இப்போது மூத்தவன் யார்? இதுதான் நான் யோசித்து வைத்திருக்கும் பெரிய சண்டை.

எழுதிய வரைக்கும் இரண்டு நண்பர்களிடம் காட்டினேன். ஒருவர் “இது விஞ்ஞானமா மாயமந்திரமா, முதலில் அதை முடிவு பண்ணு” என்றார். இன்னொருவர் பிரமாதம் என்றார், அதனால் எனக்கு ஒரு பிரயோஜனமும் இல்லை.

ககுத்மி ராஜா மகள் ரேவதிக்கு வரன் கேட்கப் பிரம்மலோகம் போய், அங்கே கச்சேரி முடியக் காத்திருந்துவிட்டுப் பேச்சை எடுத்தால் பூமியில் 27 சதுர்யுகம் போய்விட்டது என்ற பாகவதக் கதை எனக்குத் தெரியும். கடலடி அரண்மனைக்குப் போய் வந்த ஜப்பானிய மீனவன் உரஷிமா கதையும் தெரியும். அவற்றிலெல்லாம் ஒருவர் ஒரே ஒரு தடவை போய் வருகிறார், வந்து பார்த்தால் தெரிந்தவர் யாரும் உயிரோடு இல்லை, கதை முடிந்தது. என் மாகாணத்தில் தினமும் பஸ் ஓடுகிறது. பால் வண்டி போகிறது, ஆட்கள் வேலைக்கு இறங்கி ஏறுகிறார்கள். அந்த அன்றாடம் எப்படி இருக்கும் என்றுதான் கேட்கிறேன். எங்கே இடிக்கிறதோ தயங்காமல் சொல்லுங்கள்.

அரைகுறை விஞ்ஞானி:

இடிக்கும் இடத்தைச் சொல்லிவிடுகிறேன், கோபப்படக் கூடாது.

இடத்துக்கு இடம் நேரம் வேறு வேகத்தில் ஓடுவது நிஜம், அதில் கற்பனையே தேவையில்லை. 1971-இல் ஹேஃபல், கீட்டிங் என்ற இரண்டு அமெரிக்க விஞ்ஞானிகள் சீசியம் அணுக் கடிகாரங்களைச் சாதாரணப் பயணிகள் விமானத்தில் ஏற்றிக்கொண்டு உலகத்தைச் சுற்றி வந்தார்கள். கிழக்கே சுற்றியவை தரையில் இருந்த கடிகாரத்தைவிடச் சுமார் 59 நானோ வினாடி பின்தங்கின, மேற்கே சுற்றியவை 273 நானோ வினாடி முந்தின. ஜிபிஎஸ் செயற்கைக்கோளின் கடிகாரம் நாளொன்றுக்கு 38 மைக்ரோ வினாடி வேகமாக ஓடுகிறது. உயரத்தால் 45 கூடும், வேகத்தால் 7 குறையும், மிச்சம் 38. அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் கிலோமீட்டர் கணக்கில் இடம் தப்பிவிடும். டோக்கியோ ஸ்கைட்ரீ கோபுரத்தில் 450 மீட்டர் உயரத்தில் ஒரு கடிகாரம், தரையில் ஒன்று என்று வைத்து நாளுக்குச் சுமார் 4 நானோ வினாடி வித்தியாசத்தையும் அளந்துவிட்டார்கள். 2020-இல் முடிவு வெளியானது. ஆக மேட்டில் வேகம், பள்ளத்தில் மந்தம் என்று நீங்கள் வைத்திருக்கும் திசை சரியான திசைதான்.

சிக்கல் அளவில். ஊட்டி கடல் மட்டத்திலிருந்து சுமார் 2,240 மீட்டர். அங்கே இருப்பவர் சென்னைக்காரரைவிட வருடத்துக்கு ஏழெட்டு மைக்ரோ வினாடி அதிகம் வாழ்கிறார், அவ்வளவுதான். நீங்கள் கேட்பது இரண்டு மடங்கு. நேரத்தின் வேகம் இடத்துக்கு இடம் மாறினால், மந்தமான பக்கத்தை நோக்கிப் பொருள்கள் விழும். புவியீர்ப்பு என்பதே ஏறக்குறைய அதுதான். ஒரு மீட்டர் உயர்ந்தால் கடிகாரத்தின் வேகம் பத்தாயிரம் இலட்சம் கோடியில் ஒரு பங்கு கூடுகிறது, அந்தத் துளி வித்தியாசம்தான் நம் முழு எடை. நாற்பது கிலோமீட்டருக்குள் வேகம் பாதியாகிறது என்று வைத்துக் கணக்குப் போட்டால் ஆழ்குடியை நோக்கி இழுக்கும் விசை பூமியின் ஈர்ப்பைப்போலச் சுமார் பதினாறாயிரம் கோடி மடங்கு வருகிறது. உங்கள் பஸ்ஸுக்கு டீசல் தேவையில்லை. பஸ்ஸும் மிஞ்சாது.

சரி, ஈர்ப்பை மந்திரம் போட்டு மறைத்துவிட்டீர்கள் என்றே வையுங்கள். வெளிச்சத்தை என்ன செய்வீர்கள்? ஆழ்குடியில் எரியும் விளக்கின் ஒளி மேலே வரும்போது அதன் அலைநீளம் இரட்டிப்பாகும். 550 நானோமீட்டர் பச்சை 1,100 ஆகிவிடும், அது அகச்சிவப்பு, கண்ணுக்குத் தெரியாது. இரவில் உச்சிமேட்டிலிருந்து பார்த்தால் எத்தனை விளக்கு எரிந்தாலும் பள்ளத்தாக்கு கும்மிருட்டு. கீழே இருப்பவருக்கு நேர்மாறு. ஒவ்வொரு ஒளித்துகளின் ஆற்றலும் இரண்டு மடங்கு, அவை வந்து விழும் வேகமும் இரண்டு மடங்கு, ஆக வெயில் நான்கு மடங்கு. தோராயமாகப் போட்டால்கூட சராசரி வெப்பம் 130 டிகிரியைத் தாண்டும். மேலிருந்து வரும் ஆறும் அப்படித்தான், மேலே வினாடிக்கு நூறு கன மீட்டர் ஓடினால் கீழே இருப்பவர் கணக்கில் இருநூறு. வருடம் பூராவும் வெள்ளம்.

இயற்பியலை ஏமாற்றாமல் கதை எழுதினால் அண்ணன் தம்பி வித்தியாசம் எவ்வளவு தேறும் தெரியுமா? ஆள் பக்கவாட்டில் சாயாத அளவுக்கு இழுவையைக் குறைத்துக்கொண்டால் எழுபது வயதுக்கு ஒரு வினாடியில் பத்தாயிரத்தில் ஒரு பங்கு. கொள்ளிச் சண்டைக்குப் பத்தாது. மாயமந்திரம் என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

டோக்கன்நம்பர்143:

எங்கள் ஊர் அலுவலகம் ஒன்றில் சாதிச் சான்றிதழுக்கு மனுக் கொடுத்துவிட்டு உட்காருங்கள். பாதி வேகமெல்லாம் சும்மா.

கனகராயன்:

விஞ்ஞானி தம்பி சொன்ன கணக்கு எல்லாம் சரியாக இருக்கட்டும். நான் அப்படியான மாகாணத்தில் இருந்திருக்கிறேன். இரண்டு மடங்கு இல்லை, அரை மணித்தியாலம்தான். ஆனால் அது உண்மையாகவே நடந்தது.

1996 மே மாதம் இலங்கை அரசாங்கம் மின்சாரத் தட்டுப்பாட்டைச் சமாளிக்க மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளியது. ஒக்டோபரில் அதில் அரை மணித்தியாலத்தைத் திருப்பி எடுத்தது. பிறகு 2006 ஏப்ரல் வரைக்கும் நாடு முழுக்க அந்த நேரம்தான். வன்னியில் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதி அதை ஏற்கவில்லை, பழைய நேரத்திலேயே நின்றது. ஒரே தீவு, ஒரே வெயில், எங்கள் மணிக்கூடு மட்டும் அரை மணித்தியாலம் பின்னே.

2002-இல் சமாதான காலத்தில் ஏ9 பாதை திறந்தது. வவுனியாவில் இருந்து யாழ்ப்பாணம் போகிறவர் ஓமந்தையில் ஆமியின் சோதனை முடிந்து, இரண்டு தரப்புக்கும் நடுவில் யாருடைய கையிலும் இல்லாத சூனியப் பிரதேசத்தைக் கடந்து எங்கள் பக்கம் வந்தால் பழைய நேரம். கிளிநொச்சி, பளை எல்லாம் தாண்டி முகமாலையால் வெளியே போனால் திரும்பவும் புது நேரம். ஒரே பயணத்தில் ஒருக்கால் அரை மணித்தியாலம் கிடைக்கும், ஒருக்கால் பறிபோகும். யாழ்ப்பாணம் அரசாங்கத்தின் கையில், அதனால் அங்கே இருந்த சின்னம்மாவும் வன்னியில் இருந்த எங்கள் அம்மாவும் உடன்பிறந்தவர்களாக இருந்தும் வேறு வேறு நேரத்தில் சமைத்துச் சாப்பிட்டவர்கள். யாராவது “நாளைக்குப் பத்து மணிக்கு வாறன்” என்று சொல்லியனுப்பினால் வரும் முதல் கேள்வி, “உங்கட பத்தோ எங்கட பத்தோ?”

கிணற்றடி, உங்களுடைய கதைக்கு இதில் இருந்து எடுக்கக்கூடியது ஒன்று இருக்கிறது. நேர வித்தியாசத்தைப் பற்றி ஆக்கள் தத்துவம் ஒன்றும் கதைக்கவில்லை. சாவடி பூட்டுகிற நேரம் யாருடைய நேரம், அதுதான் கவலை. மறுபக்கம் ஐந்து மணிக்குப் பூட்டினால் எங்களுக்கு அது நாலரை, சூனியப் பிரதேசத்தில் அகப்பட்டால் இரவு எங்கே படுப்பது? கையில் கட்டியிருக்கிற மணிக்கூடு எந்த நேரத்தைக் காட்டுகிறது என்பதே ஆள் எந்தப் பக்கம் என்று காட்டிக்கொடுக்கவும் செய்யும். நான் மணிக்கூட்டைத் தொடவே மாட்டேன், மனதுக்குள் கூட்டிக் கழித்துக்கொள்வேன். எங்கள் அப்பு மாற்றுவார், சாவடிக்குக் கொஞ்சம் முன்னாலேயே, யாரும் பார்க்காமல், சாறத்தைச் சரிசெய்வது மாதிரிக் குனிந்து. உங்கள் கதையில் எல்லாரும் நேரத்தை மிகவும் சுலபமாகக் கடந்து போகினம் மாதிரித் தெரிகிறது. அந்த மாகாணத்தை ஆள்கிறவன் யார்? அவனுடைய மணிக்கூடு எங்கே மாட்டியிருக்கிறது?

வரப்போரம்:

நான் கூட்டுறவு வங்கி ஒன்றில் கடன் பிரிவில் இருக்கிறேன், வீட்டில் விவசாயம். அதனால் என் மூளை போகும் வழி இது.

கிணற்றடி சார், அண்ணன் தம்பி சண்டை நீங்கள் நினைக்கிற மாதிரி வராது. சூரியன் ஒன்றுதானே? உச்சிமேட்டில் விடிந்தால் ஆழ்குடியிலும் விடியும். இரண்டு ஊர்க்காரரும் பார்க்கிற விடியல்களின் எண்ணிக்கை ஒன்றேதான், ஆக தேதியும் ஒன்றே. நிலாவும் ஒன்று, அமாவாசை எல்லோருக்கும் ஒரே நாளில் வரும், அப்பாவின் திதியில் குழப்பமே இல்லை. பிறந்த தேதிப்படி அண்ணன் என்றைக்கும் அண்ணன்தான், கொள்ளியை அவனே வைப்பான், உடம்பு இளசாக இருப்பதைப் பார்த்து ஊர் கொஞ்சம் பொறாமைப்படும், அவ்வளவுதான்.

மாறுவது நாளின் நீளம். ஆழ்குடிக்காரருக்கு ஒரு பகல் ஆறு மணி நேரம், ஒரு இரவு ஆறு மணி நேரம். இதை யோசித்தீர்களா? மனிதன் பதினாறு மணி நேரம் விழித்து எட்டு மணி நேரம் தூங்குகிறவன். ஆக ஒரு ராத்திரி விட்டு ஒரு ராத்திரிதான் அங்கே தூக்கம் வரும். தூங்காத ராத்திரியில் டீக்கடை திறந்திருக்கும், நெல் அவிப்பார்கள், குழந்தைகள் தெருவில் விளையாடும். மாடு அதன் உடம்புக்கு ஏற்றபடிதான் பால் சுரக்கும், நம் கணக்கில் காலை மாலை இரண்டு வேளைக் கறவை என்றால் அங்கே விடியலுக்கு ஒரு வேளைதான். உங்கள் பால் வண்டி பாதிக் கேனோடு மேலே போகும்.

நெல்லைப் பாருங்கள். குறுவைக்கு ஏறக்குறைய 110, 120 நாள் ரகம் போடுவோம். ஆழ்குடியில் அது முற்ற 240 விடியல் ஆகும், எட்டு மாதம். ஜூனில் விதைத்தால் அறுப்புக்கு ஜனவரி, பிப்ரவரி ஆகிவிடும், நடுவில் ஐப்பசி கார்த்திகை மழை முழுசாகப் பயிரின் தலையில் கொட்டும். மழை ஆழ்குடிக்காகக் காத்திருக்காதே. (விஞ்ஞானி சொன்ன நாலு மடங்கு வெயிலை நான் கணக்கில் எடுக்கவில்லை, எடுத்தால் வயலே இருக்காது.)

இப்போது பணம். வட்டி தேதிப்படி ஏறும். கூலிக்காரன் தேதிப்படி ஒரு வருடத்தில் ஆறு மாத உழைப்புத்தான் உழைக்க முடியும், ஆனால் வட்டி பன்னிரண்டு மாதத்துக்கும் கட்ட வேண்டும். கடன்பட்டவனுக்கு ஆழ்குடி நரகம். டெபாசிட் வைத்திருப்பவனுக்குச் சொர்க்கம். ஏழு சதவீதத்துக்குப் போட்டால் பத்து வருடத்தில் பணம் இரட்டிப்பு, அவனுக்கு வயது ஐந்துதான் கூடியிருக்கும். ஆக உங்கள் கதையில் பணம் படைத்தவர்கள் எல்லாம் கீழே இறங்கிவந்து வீடு கட்டுவார்கள், வாடகை ஏறும், கீழே பிறந்து வளர்ந்தவர்கள் கடனை அடைக்க மேலே போய் வேலை பார்த்து நமக்கு முன்னாலேயே கிழவராவார்கள். ஆழ்குடியை ஏழைக் கிராமமாக வைத்திருக்கிறீர்கள் என்று தோன்றுகிறது, எனக்கு அது ஒட்டவில்லை.

இன்னொன்று, இதைச் சொல்லலாமா என்று யோசித்தேன். சட்டம் வயதைத் தேதியில் எண்ணும். ஆழ்குடியிலேயே பிறந்து வளர்ந்த பெண்ணுக்குச் சான்றிதழில் 18 ஆகும்போது உடம்புக்கும் மனசுக்கும் ஒன்பது. மேலூர்க்காரன் ஒருவன் காகிதத்தை நீட்டிப் பெண் கேட்டு வந்தால்? அஞ்சு வயதில் பள்ளியில் சேர்க்கச் சொன்னால் அங்கே வருவது இரண்டரை வயதுக் குழந்தை. பிள்ளைத்தாய்ச்சிக்குப் பத்து மாதம் என்பது இருபது மாதம், ஆனால் மகப்பேறு விடுப்பு 26 வாரம் என்றால் அவளுக்குக் கையில் கிடைப்பது 13 வாரம். அறுபது வயதில் ஓய்வு கொடுத்து அனுப்பினால் முப்பது வயது ஆள் பென்ஷன் வாங்குவான், அதைக் கேட்டு மட்டும் யாரும் சண்டைக்கு வர மாட்டார்கள். ஆக அங்கே வயதை எப்படி எண்ணுவது என்பதுதான் முதல் அரசியல் பிரச்சினை. கொள்ளியைவிட இதில் கதை இருக்கிறது.

கிணற்றடி:

வரப்போரம், ஒன்பது வயது விஷயத்தைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் எதுவும் எழுத ஓடவில்லை. அண்ணனுக்கு ஒரு மகளைக் கொடுத்துக் கதையை அந்தப் பக்கம் திருப்பப்போகிறேன். கொள்ளிச் சண்டை போய்விட்டது, பரவாயில்லை.

கனகராயன் அண்ணா, சாறத்தைச் சரிசெய்வதுபோல் குனிந்து நேரத்தை மாற்றும் அப்புவை எடுத்துக்கொள்ளலாமா?

விஞ்ஞானி, மந்திரம்தான், முடிவு பண்ணிவிட்டேன். ஆனால் ஒரு சந்தேகம். கீழே இருப்பவர்கள் வேகம் குறைவதை எப்படித் தெரிந்துகொள்வார்கள்? அவர்கள் கடிகாரமும் சேர்ந்துதானே மந்தமாகும்? மழைக்காலத்தில் இன்னும் குறைகிறது என்று வைத்திருக்கிறேன், அதைக் கண்டுபிடிக்கும் வழி வேண்டும்.

கனகராயன்:

தாராளமாக எடுங்கோ. அப்பு இப்போது இல்லை, இருந்திருந்தால் எத்தனை மணிக்கு அச்சுக்குப் போகுது என்று கேட்டிருப்பார்.

அரைகுறை விஞ்ஞானி:

வானத்தைப் பார்த்துத்தான். தன் ஊரில் எரியும் விளக்கு, நாடித்துடிப்பு, ஊசல் எல்லாம் ஒன்றாக மந்தமாகும், அதனால் உள்ளே எதுவும் தெரியாது. ஒரு நாழிகை வட்டிலை (ஒரு நாழிகையில், அதாவது 24 நிமிடத்தில், நீர் நிரம்பும் கிண்ணம்) விடியலில் வைத்து, அடுத்த விடியலுக்குள் எத்தனை தடவை நிரம்புகிறது என்று எண்ணினால் போதும். உச்சிமேட்டில் அறுபது, ஆழ்குடியில் முப்பது, மழைக்காலத்தில் இருபத்தெட்டு என்று இறங்கும். சோதிடர் எவராவது இதை முதலில் கண்டுபிடித்து வாயைத் திறக்காமல் இருந்திருப்பார்.

பழையமணி:

அந்த வட்டிலை வைத்துக்கொண்டு இன்னும் கொஞ்சம் போகலாம். முல்லைப்பாட்டில் அரசனின் பாசறையில் ‘குறுநீர்க் கன்னல்’ என்ற நீர்க்கடிகாரத்தை வைத்துப் பொழுதளந்து அரசனுக்குச் சொல்ல ஆட்கள் இருக்கிறார்கள், அவர்களுக்குப் ‘பொய்யா மாக்கள்’ என்று அடைமொழி. பொழுது சொல்கிறவன் பொய் சொல்லாதவனாக இருக்க வேண்டும் என்ற கவலை அப்போதே இருந்திருக்கிறது.

நீளம் மாறும் மணியோடு ஒரு நாடே வாழ்ந்ததற்கு ஜப்பான் உதாரணம். எடோ காலத்தில் (17 முதல் 19-ஆம் நூற்றாண்டு வரை) பகலை ஆறு பங்கு, இரவை ஆறு பங்கு போட்டார்கள். கோடையில் பகல் பங்கு நீளும், இரவுப் பங்கு சுருங்கும், குளிர்காலத்தில் தலைகீழ். ஐரோப்பியக் கடிகாரம் கைக்கு வந்தபோது அதன் சீரான ஓட்டத்துக்கு அவர்கள் மாறவில்லை, கடிகாரத்தைத் தங்கள் பொழுதுக்கு வளைத்தார்கள். கடிகாரத்தின் வேகத்தைக் கட்டுப்படுத்த இப்படியும் அப்படியும் ஆடும் தண்டு பகலுக்கு ஒன்று, இரவுக்கு ஒன்று, அவற்றின் நுனியில் சின்னச் சின்ன எடைகள். பதினைந்து நாளுக்கு ஒரு தடவை, வருடத்துக்கு 24 முறை, ஒருவர் வந்து அந்த எடையைப் பல் பல்லாக நகர்த்தி வைப்பார். மணியடிப்பதும் ஒன்றிலிருந்து ஏறாது, நள்ளிரவுக்கும் உச்சிப்பொழுதுக்கும் ஒன்பது அடி, பிறகு எட்டு, ஏழு என்று இறங்கி நாலில் நின்று மறுபடி ஒன்பது. 1873 ஜனவரி 1-இல் புது நாள்காட்டி வந்தபோதுதான் சீரான மணியும் வந்தது.

அதனால் ஆழ்குடிக்காரர்கள் மணியையே விடியலோடு கட்டிவைத்திருப்பார்கள் என்று நினைக்கிறேன். பகலுக்கு ஆறு பங்கு, கூலி பங்குக்கு இவ்வளவு, உச்சிமேட்டிலும் அதே ஆறு பங்கு. கேட்க நியாயமாக இருக்கும், மேலே ஒரு பங்கில் இரண்டு மடங்கு வேலை முடிகிறது என்று சம்பளம் கொடுப்பவன் கண்டுபிடிக்கும் வரைக்கும். அப்புறம் அவன் நாழிகைக் கணக்கு வேண்டும் என்பான், கூலிக்காரன் விடியல் கணக்கு வேண்டும் என்பான். நடுவில் இருப்பது மழைக்காலத்தில் வந்து எடையை நகர்த்திவிட்டுப் போகும் அந்த ஒரு ஆள். அவருக்கு மாதாமாதம் நெல் அளப்பது யார் என்று மட்டும் முடிவு பண்ணுங்கள், மிச்சக் கதை தானாக நடக்கும்.